சொந்த ஊரில் இல்லாத ஒரு பெயர்: லத்தீனோ என்றால் யார்?

மெக்சிகோவில் பூப்ளா என்றொரு ஊர். அங்கே பேருந்துக்காக நிற்கிற ஒருவரிடம் "நீங்கள் லத்தீனோவா?" என்று கேட்டுப் பாருங்கள். கேள்வியே அவருக்கு விநோதமாக இருக்கும். "நான் பூப்ளாக்காரன்" என்பார். அழுத்திக் கேட்டால் "மெக்சிகோக்காரன்" என்பார். அதே மனிதர் பிழைப்புத் தேடி நியூயார்க் போகிறார். அந்த ஊரிலிருந்து அங்கே போனவர்கள் ஏராளம். ‘பூப்ளா யார்க்’ என்று செல்லப்பெயரே உண்டு. சில மாதம் கழித்து மகளைப் பள்ளியில் சேர்க்கப் போகிறார். விண்ணப்பத்தில் ஒரு கேள்வி: ஹிஸ்பானிக் அல்லது லத்தீனோவா? அவர் ‘ஆம்’ என்ற கட்டத்தில் டிக் அடிக்கிறார். ஊரில் அத்தனை வருடம் வாழ்ந்தும் தேவைப்படாத ஒரு பெயர், அந்தப் பேனாக்கோட்டில் அவரிடம் ஒட்டிக்கொள்கிறது.

இந்தக் கட்டுரை அந்தக் கட்டத்தைப் பற்றியது. செய்திகளிலும் சினிமாப் பேச்சிலும் ‘மெக்சிகன்’, ‘ஸ்பானிஷ்’, ‘லத்தீனோ’ மூன்றும் ஒன்றுதான் என்பதுபோல் புழங்குகின்றன. அது பிழை. ‘இணையம் வந்துவிட்டது, இனி அந்தப் பண்பாடு கரைந்துவிடும்’ என்று ஒரு பக்கமும், ‘இணையம்தான் அதைக் காப்பாற்றும்’ என்று இன்னொரு பக்கமும் சொல்கிறார்கள். இரண்டுமே, லத்தீனோ என்பது ஊரிலிருந்து மூட்டை கட்டிக் கொண்டுவந்த பழைய பொருள் என்று எண்ணிக்கொண்டு பேசுகிற பேச்சு. அது அமெரிக்க மண்ணில் செய்யப்பட்ட பொருள். எப்படிச் செய்யப்பட்டது என்று புரிந்தால், இனி என்ன ஆகும் என்பதும் ஓரளவு பிடிபடும்.

## முதலில் சொற்களைப் பிரித்துக்கொள்வோம்

ஹிஸ்பானிக் என்பது மொழியைச் சுட்டும் சொல். ஸ்பானிஷ் பேசும் நாட்டிலிருந்து வந்தவர், அல்லது அப்படி வந்தவரின் வாரிசு. லத்தீனோ என்பது நிலத்தைச் சுட்டும் சொல். லத்தீன் அமெரிக்காவில், அதாவது மெக்சிகோவிலிருந்து அர்ஜென்டினா வரையுள்ள நாடுகளிலும் கரீபியன் தீவுகள் சிலவற்றிலும் வேர் உள்ளவர். பெண்ணென்றால் லத்தீனா.

ஒரு சின்னச் சோதனை. ஸ்பெயினின் மாட்ரிட்டில் பிறந்தவர் ஹிஸ்பானிக், லத்தீனோ கிடையாது. பிரேசிலில் பிறந்தவர் பேசுவது போர்ச்சுகீஸ், ஆகவே அவர் லத்தீனோ, ஹிஸ்பானிக் கிடையாது. கொலம்பியாக்காரர் இரண்டும். இந்த மூன்று பேரையும் நினைவில் வைத்துக்கொண்டால் பாதிக் குழப்பம் தீர்ந்துவிடும்.

மீதிப் பாதி, நிறம் பற்றியது. லத்தீனோ ஓர் இனம் என்று பலரும் நினைக்கிறார்கள். கியூபாவின் புகழ்பெற்ற பாடகி சீலியா குரூஸ் கறுப்பினத்தவர். பெருவில் அதிபராக இருந்த ஆல்பர்ட்டோ ஃபுஜிமோரியின் பெற்றோர் ஜப்பானிலிருந்து போனவர்கள். நடிகை சல்மா ஹயெக்கின் தந்தைவழி லெபனானில் தொடங்குகிறது. இவர்களுடைய முகங்களை வரிசையாக வைத்தால் பொது ஜாடை எதுவும் கிடைக்காது. அமெரிக்காவின் 2020 மக்கள்தொகைக் கணக்கெடுப்பில் 6 கோடியே 21 லட்சம் பேர் தங்களை ஹிஸ்பானிக் அல்லது லத்தீனோ என்று பதிந்தார்கள். மொத்த மக்களில் 18.7 சதவீதம். அதே படிவத்தில் ‘உங்கள் இனம் எது?’ என்ற அடுத்த கேள்விக்கு அவர்களில் ஐந்தில் இரண்டு பேருக்கும் சற்று மேல், ‘வேறு இனம்’ என்ற கட்டத்தை மட்டும் குறித்தார்கள். கொடுத்திருந்த கட்டங்களில் எதுவுமே தங்களுக்குப் பொருந்தவில்லை என்று அத்தனை பேர் சொன்னார்கள்.

இதுவரை பார்த்ததைச் சுருக்கினால்: ஹிஸ்பானிக் மொழி, லத்தீனோ நிலம், இரண்டும் இனமில்லை.

## ஒரு விடுதியில் நடந்த கதை

சரி, ஜாடையும் இல்லை, ஒரே நாடும் இல்லை என்றால் இத்தனை பேரை எது சேர்த்துக் கட்டியது?

ஒரு கல்லூரி விடுதியை நினைத்துக்கொள்ளுங்கள். பத்து ஊர்களிலிருந்து பிள்ளைகள் வருகிறார்கள். பேச்சு வேறு, சாப்பாட்டு ருசி வேறு. வார்டன் தன் வசதிக்காக அவர்களை எல்லாம் ‘பி பிளாக்’ என்று நோட்டில் எழுதிக்கொள்கிறார். முதல் வாரம் அது வெறும் கட்டடத்தின் பெயர். அப்புறம் குழாயில் தண்ணீர் வருவதில்லை. தனித்தனியாகப் போய்ச் சொன்னால் யாரும் கண்டுகொள்வதில்லை; ‘பி பிளாக்கில் நூறு பேர் குளிக்காமல் இருக்கிறோம்’ என்று சேர்ந்து போய் நின்றால் மோட்டார் சரியாகிறது. வாசலில் டீக்கடை போட்டிருப்பவர் பி பிளாக் பிள்ளைகளுக்கு என்றே ஒரு பலகாரம் போட ஆரம்பிக்கிறார். மூன்றாம் வருடம், விளையாட்டு விழாவில் ‘பி பிளாக்’ என்று கத்துகிறபோது தொண்டை கட்டிக்கொள்கிறது. அந்தப் பாசம் பொய்யா? இல்லவே இல்லை. வார்டன் நோட்டில் தொடங்கியது என்பதால் அது பொய்யாகிவிடாது.

லத்தீனோ என்ற அடையாளமும் இப்படி மூன்று கைகளால் செய்யப்பட்டதுதான். பல நாடுகளில் வேர் உள்ளவர்களை ஒரே பெயருக்குள் சேர்க்கும் இப்படிப்பட்ட அடையாளத்தைக் குடை அடையாளம் என்று சொல்லிக்கொள்வோம்.

முதல் கை, வார்டன். அதாவது அரசு. 1930 கணக்கெடுப்பில் ‘மெக்சிகன்’ என்பதை ஒரு தனி இனமாகவே எண்ணினார்கள். எதிர்ப்பு வந்தது, அடுத்த முறை எடுத்துவிட்டார்கள். 1970-ல் மாதிரிக்காகத் தேர்ந்தெடுத்த சில வீடுகளில் மட்டும் ஸ்பானிஷ் வம்சாவளியா என்று கேட்டார்கள். விடைகளில் ஒன்று ‘மத்திய அல்லது தென் அமெரிக்கர்’. அமெரிக்காவின் நடுப்பகுதியிலும் தெற்கிலும் வாழ்ந்த, ஸ்பானிஷோடு எந்தச் சம்பந்தமும் இல்லாத பலர், ‘நாம் தெற்கில் இருக்கிறோமே’ என்று அதைக் குறித்துவிட்டார்கள். ஒரு பெயர் இன்னும் யாருக்கும் பழகாத நிலையில் என்னவெல்லாம் நடக்கும் என்பதற்கு இதைவிட நல்ல உதாரணம் எனக்குக் கிடைக்கவில்லை. 1976-ல் இம்மக்களைப் பற்றிய புள்ளிவிவரங்களைத் திரட்ட வேண்டும் என்று நாடாளுமன்றம் சட்டம் போட்டது. 1980-ல் எல்லா வீட்டுப் படிவங்களிலும் ஹிஸ்பானிக் கேள்வி ஏறியது. ‘லத்தீனோ’ என்ற சொல் படிவத்தில் சேர்ந்தது 2000-ல்தான். மகளைப் பள்ளியில் சேர்த்த பூப்ளாக்காரரைவிட அந்தக் கட்டத்துக்கு வயது குறைவு.

இரண்டாவது கை, தண்ணீர் கேட்டுப் போனவர்கள். 1960-கள் வரை கலிஃபோர்னியாவிலும் டெக்சாஸிலும் இருந்த மெக்சிகோ வம்சாவளியினருக்கும், நியூயார்க்கில் இருந்த புவேர்ட்டோ ரிக்கோக்காரர்களுக்கும் பெரிய தொடர்பு கிடையாது. இடையில் ஆயிரக்கணக்கான கிலோமீட்டர். 1965-ல் கலிஃபோர்னியாவின் டெலானோவில் திராட்சைத் தோட்டத் தொழிலாளர் வேலைநிறுத்தம் வெடித்தது. அதைத் தொடங்கியவர்கள் பிலிப்பைன்ஸ் வம்சாவளித் தொழிலாளர்கள். சேசர் சாவேஸும் டொலோரஸ் ஊர்த்தாவும் நடத்திய சங்கம் சில நாளில் சேர்ந்துகொண்டது. அந்தப் பத்தாண்டில் கிளம்பிய தலைவர்களுக்கு ஒன்று புரிந்தது: வாஷிங்டனில் போய் நின்றால் ‘நீங்கள் ஒரு மாநிலத்துப் பிரச்சினை’ என்று அனுப்பிவிடுகிறார்கள். நாடு முழுக்க இருக்கிறோம் என்று காட்ட வேண்டுமானால் ஒரு பொதுப் பெயர் வேண்டும், அந்தப் பெயருக்குக் கீழே ஓர் எண்ணிக்கை வேண்டும். வாக்குச்சீட்டை ஸ்பானிஷிலும் அச்சிட வழிசெய்த 1975-ன் சட்டத் திருத்தம் போன்றவை அந்தக் காலத்தின் அறுவடை.

மூன்றாவது கை, டீக்கடை. தொலைக்காட்சி. 1960-களில் தொடங்கிய ஒரு ஸ்பானிஷ் ஒளிபரப்பு நிறுவனம் 1987-ல் யூனிவிஷன் என்று பெயர் மாறியது. விளம்பரதாரர்களிடம் ‘மெக்சிகோக்காரர் இத்தனை, கியூபாக்காரர் இத்தனை’ என்று சில்லறையாக விற்க முடியாது. ‘நாடு முழுக்க ஒரே ஹிஸ்பானிக் சந்தை’ என்று மொத்தமாக விற்கலாம். அதற்கு எல்லோரும் பார்க்கிற நிகழ்ச்சி தேவை. சாபதோ ஹிகாந்தே, அதாவது ‘மாபெரும் சனிக்கிழமை’ என்றொரு நிகழ்ச்சி. 1962-ல் சிலியில் தொடங்கி, 1986-ல் மயாமிக்கு வந்து, 2015 வரை ஓடியது. பாட்டு, போட்டி, பரிசு, அழுகை, எல்லாம் மணிக்கணக்கில். அதை நடத்திய தோன் ஃபிரான்சிஸ்கோ சிலிக்காரர். அவருடைய பெற்றோர் ஜெர்மனியிலிருந்து தப்பி வந்த யூதர்கள். மயாமியில் ஒரு கியூபக் குடும்பமும், லாஸ் ஏஞ்சலஸில் ஒரு மெக்சிகோக் குடும்பமும், நியூயார்க்கில் ஒரு டொமினிக்கக் குடும்பமும் சனிக்கிழமை இரவு ஒரே நகைச்சுவைக்குச் சிரித்தன. பாட்டிகள் நடுவில் உட்கார்ந்திருந்தார்கள். ‘நாம்’ என்ற சொல்லின் அகலம் அந்தக் கூடத்தில்தான் கூடியது என்று நான் நினைக்கிறேன்.

ஆக, அரசின் படிவம், உரிமைக்கான போராட்டம், சந்தையின் திரை. மூன்றும் சேர்ந்து ஒரு குடையை விரித்தன. இந்த மூன்றாவது கையை மறந்துவிடாதீர்கள். இணையம் கைவைக்கப்போவது அங்கேதான்.

## இவர்கள் எல்லோரும் நேற்று வந்தவர்களா?

இது இன்னொரு பரவலான தவறு. 1848-ல் போரில் தோற்ற மெக்சிகோ, குவாதலூப்பே ஹிதால்கோ ஒப்பந்தத்தின்படி தன் நிலத்தில் ஏறக்குறையப் பாதியை அமெரிக்காவிடம் கொடுத்தது. இன்றைய கலிஃபோர்னியா, நெவாடா, யூட்டா எல்லாம் அதில் அடக்கம். அங்கே இருந்தவர்கள் வீட்டைவிட்டு நகரவே இல்லை. நாடு அவர்கள் காலடியில் மாறியது. ‘நாங்கள் எல்லையைக் கடக்கவில்லை, எல்லைதான் எங்களைக் கடந்தது’ என்று இன்றும் ஊர்வலங்களில் முழங்குகிறார்கள். 1898-ல் ஸ்பெயினுடன் நடந்த போருக்குப் பின் புவேர்ட்டோ ரிக்கோ அமெரிக்கா கைக்குப் போனது. 1917 முதல் அத்தீவின் மக்கள் அமெரிக்கக் குடிமக்கள். ஆகவே அத்தீவின் தலைநகர் சான் ஹுவானிலிருந்து நியூயார்க் போகிறவர் குடியேறியே கிடையாது. இன்றைக்கு அமெரிக்க லத்தீனோக்களில் மூன்றில் இரண்டு பேர் அமெரிக்காவிலேயே பிறந்தவர்கள்.

## ஸ்பானிஷ் பேசாத லத்தீனோ

டெக்சாஸில் மார்ஃபா என்ற சின்ன ஊர். அங்கே மெக்சிகோ வம்சாவளிப் பிள்ளைகளுக்கென்று தனியாக ஒதுக்கிய பள்ளி ஒன்று இருந்தது, பிளாக்வெல் பள்ளி. 1954-ல் ஒரு நாள் பிள்ளைகளிடம் துண்டுத்தாள் கொடுத்து ஸ்பானிஷ் சொற்களை எழுதச் சொன்னார்கள். அவற்றைப் பெட்டியில் போட்டு, கொடிக்கம்பத்துக்குப் பக்கத்தில் குழி தோண்டிப் புதைத்தார்கள். ‘திருவாளர் ஸ்பானிஷ்’ என்பவரின் சவ அடக்கமாம். வீட்டில் அம்மா சொல்லித்தந்த சொல்லைத் தன் கையாலேயே எழுதி, தானே மண் தள்ளியிருக்கிறது ஒரு குழந்தை. இதைப் படித்த அன்று எனக்கு வேறு வேலை ஓடவில்லை. அந்தப் பள்ளியைத் தேசிய வரலாற்றுச் சின்னமாக்க 2022-ல் சட்டம் இயற்றினார்கள்.

அப்படி அவமானப்பட்டு வளர்ந்தவர்கள் பெற்றோர் ஆனபோது, ‘என் பிள்ளைக்கு இந்தக் கஷ்டம் வேண்டாம்’ என்று ஆங்கிலத்திலேயே பேசினார்கள். ஒரு தலைமுறையில் மொழி தேய்ந்தது. பியூ ஆய்வு மையத்தின் கணக்கெடுப்பு ஒன்றில், அமெரிக்க லத்தீனோக்களில் 75 சதவீதம் பேர் ஸ்பானிஷில் நன்றாகப் பேச முடியும் என்றார்கள். தாத்தா பாட்டி காலத்திலேயே அமெரிக்காவில் வேர்விட்ட மூன்றாம் தலைமுறைக்கும் அதற்கு அப்பாலும் போனால், அது 34 சதவீதம்.

இந்தத் தேய்மானத்துக்கு ஒரு பெயரும் உண்டு: ‘நோ சாபோ’ பிள்ளைகள். ஸ்பானிஷில் ‘எனக்குத் தெரியாது’ என்பதற்கு ‘நோ சே’ என்று சொல்ல வேண்டும். அந்த வினைச்சொல் விதிக்கு அடங்காதது. ஸ்பானிஷ் அரைகுறையாகத் தெரிந்த பிள்ளை, விதிப்படி யோசித்து ‘நோ சாபோ’ என்று சொல்லும். அத்தைகள் சிரிப்பார்கள், சித்தப்பாக்கள் சொல்லிக்காட்டுவார்கள். ஸ்பானிஷ் அரைகுறையாகத் தெரிந்தவர்களில் பாதிக்கு மேற்பட்டோர், சக லத்தீனோக்களே தங்களைக் குத்திப் பேசியதாக அதே கணக்கெடுப்பில் சொன்னார்கள். ஆனால் 78 சதவீதம் பேர், லத்தீனோவாக இருக்க ஸ்பானிஷ் தெரிந்திருக்க வேண்டிய அவசியமில்லை என்றும் சொன்னார்கள். வாயால் அப்படிச் சொல்கிறோம், விருந்தில் வேறு மாதிரி நடந்துகொள்கிறோம். எந்தச் சமூகத்துக்கும் இது புதிதில்லை.

டிக்டாக் வந்த பிறகு இந்த வசைச்சொல்லை அந்தப் பிள்ளைகளே எடுத்துச் சட்டையில் குத்திக்கொண்டார்கள். ‘நான் நோ சாபோ’ என்று தொடங்கி, பாட்டியிடம் உடைந்த ஸ்பானிஷில் சமையல் குறிப்புக் கேட்கிற வீடியோக்கள் வரிசையாக வருகின்றன. ஸ்பானிஷும் ஆங்கிலமும் ஒரே வாக்கியத்தில் கலந்த பேச்சுக்கு ஸ்பாங்கிலிஷ் என்று பெயர். அதை மொழிக்குறை என்று பார்ப்பவர்கள் உண்டு. இரண்டு மொழியின் இலக்கணமும் காதில் இருந்தால்தான் எந்த இடத்தில் தாவலாம் என்று தெரியும் என்பதால், எனக்கு அது குறையாகத் தெரியவில்லை.

## ‘லத்தீன்’ என்ற சொல் மறைப்பது

லத்தீன் அமெரிக்கா என்ற பெயர் 1850-களில்தான் எழுத்தில் வலுப்பெற்றது. ஸ்பானிஷ், போர்ச்சுகீஸ், பிரெஞ்சு ஆகிய மொழிகளின் தாய் லத்தீன் என்பதால் அந்தப் பெயர். ஆனால் அந்த மண்ணில் லத்தீனுக்கும் முன்னால் நூற்றுக்கணக்கான மொழிகள் இருந்தன, இன்னும் இருக்கின்றன. நாம் சாப்பிடுகிற சப்போட்டாவின் பெயரே மெக்சிகோவின் பூர்வகுடி மொழியான நாவாட்லிலிருந்து ஸ்பானிஷ் வழியாக வந்ததுதான். ‘லத்தீன்’ என்ற சொல் அந்த மொழிகளைப் பேசுகிறவர்களை ஓசைப்படாமல் மூடிவிடுகிறது.

கலிஃபோர்னியாவின் ஆக்ஸ்னார்டில் ஸ்ட்ராபெரி பறிக்கிற பலருக்குத் தாய்மொழி மிக்ஸ்தெக். ஓக்லாந்தில் குடியேறியுள்ள குவாத்தமாலாக்காரர்களில் பலருக்கு மாம் என்ற மாயா மொழி. மருத்துவமனைக்கு இவர்கள் போனால் ‘லத்தீனோ’ என்று பார்த்து ஸ்பானிஷ் மொழிபெயர்ப்பாளரை வரவழைக்கிறார்கள். அவர் பேசுவது இவர்களுக்குப் பாதி புரியும், பாதி புரியாது. கட்டத்தில் டிக் சரியாக இருக்கிறது. வயிற்றில் எங்கே வலிக்கிறது என்பது மட்டும் போய்ச் சேருவதில்லை. கறுப்பின லத்தீனோக்களின் அனுபவமும் இதற்கு நெருக்கமானது. ஸ்பானிஷ் தொலைக்காட்சித் தொடர்களின் நாயகிகள் பல்லாண்டு காலம் வெள்ளைத்தோலுடனேயே வந்தார்கள்.

குடை மழைக்கு நல்லது. ஆனால் அதன் ஓரத்தில் நிற்பவர்கள் நனைகிறார்கள்.

## நான்காவது கை

இப்போது இணையத்துக்கு வருவோம். தொலைபேசி கைக்கு வந்த பிறகு மூன்று கைகளோடு நான்காவது ஒன்று சேர்ந்திருக்கிறது: அல்காரிதம். நீங்கள் எதைப் பார்த்தீர்கள், எங்கே நிறுத்தினீர்கள், எதைத் தள்ளிவிட்டீர்கள் என்று கவனித்து, அடுத்து எதைக் காட்டுவது என்று முடிவுசெய்யும் கணினி விதிகள்.

தொலைக்காட்சியும் இதுவும் எங்கே மாறுபடுகின்றன? தொலைக்காட்சி எல்லோருக்கும் ஒரே பண்டத்தைப் பரிமாறியது. கைபேசி ஒவ்வொருவருக்கும் தனித்தனி இலை போடுகிறது. மெக்சிகோவின் ஓஹாகா மாநிலத்தில் வேர் உள்ள லாஸ் ஏஞ்சலஸ் பையனுக்கு, தாத்தா ஊர்த் திருவிழாவின் பித்தளை வாத்தியக் குழுவை நேரலையில் காட்டுகிறது. மயாமியின் கியூபப் பெண்ணுக்கு ஹவானாவைக் காட்டுகிறது. முன்பு சனிக்கிழமை இரவு ஒரே நிகழ்ச்சியைப் பார்த்த இரண்டு குடும்பங்கள் இன்று ஒன்றையொன்று பார்ப்பதே இல்லை. சொந்த ஊரோடுள்ள கயிறு தடிக்கிறது. குடைக்குள் இருப்பவர்களுக்கு இடையிலான கயிறு மெலிகிறது. ‘உலகமயம் எல்லோரையும் ஒன்றாக்கும்’ என்கிறவர்கள் கவனிக்காத இடம் இது.

ஊர்க்கயிறு எவ்வளவு தடிமன் என்பதற்கு வாட்ஸ்அப்பைப் பாருங்கள். 2024 வாக்கில் அமெரிக்க ஹிஸ்பானிக் மக்களில் பாதிக்கு மேற்பட்டோர் அதைப் பயன்படுத்தினார்கள். வெள்ளையரில் ஐந்தில் ஒருவர்தான். குடும்பக் குழுவில் காலை ஆறு மணிக்கு முதல் செய்தி அத்தையிடமிருந்து வரும். ட்வீட்டி என்ற மஞ்சள் கார்ட்டூன் குருவி, சுற்றிலும் ரோஜா, மினுமினுப்பு, கீழே ‘காலை வணக்கம், கடவுள் உங்களை ஆசீர்வதிக்கட்டும்’. மெக்சிகோவில் அந்தக் குருவிக்குப் பியோலின் என்று பெயர். இளசுகள் கேலி செய்வார்கள், ஆனால் ஒரு நாள் அந்தக் குருவி வரவில்லை என்றால் அத்தைக்கு போன் போடுவார்கள். அதே கைபேசியில்தான் பணமும் போகிறது. 2023-ல் மெக்சிகோவுக்கு வெளிநாடுகளிலிருந்து வந்த குடும்பப் பணம் 6,300 கோடி டாலரைத் தாண்டியது. அதில் மிகப் பெரும் பங்கு அமெரிக்காவிலிருந்து.

இதற்கு நேர் எதிரான இழுப்பும் இருக்கிறது. பாட்டு நிறுவனங்களின் செயலிகளில் ‘லத்தீன்’ என்று ஒரே ஒரு அலமாரி. மெக்சிகோவின் கோரிதோ, டொமினிக்கன் குடியரசின் பச்சாத்தா, புவேர்ட்டோ ரிக்கோவில் செழித்த ரெகேட்டோன் என்ற பாட்டு வகைகள் எல்லாம் அதற்குள். ரெகேட்டோனின் தாளம் ஜமைக்காவிலிருந்து கிளம்பியது, பனாமாவில் ஸ்பானிஷ் பேசப் பழகியது. அலமாரிக்கு அது தெரியாது. 2019-ல் ஸ்பெயினின் பாடகி ரோசாலியா அமெரிக்காவில் ‘சிறந்த லத்தீன்’ விருதைப் பகிர்ந்துகொண்டபோது இணையத்தில் பெரிய சண்டை வந்தது. தொடக்கத்தில் பார்த்த மாட்ரிட்காரர் நினைவிருக்கிறதா? அதே கேள்விதான்.

கைபேசியில் மொழியைத் தேர்வு செய்யப் போனால் ‘ஸ்பானிஷ், லத்தீன் அமெரிக்கா’ என்று ஒன்று இருக்கும். அப்படி ஒரு மொழியைத் தாய்மொழியாகப் பேசுகிறவர் உலகில் ஒருவரும் இல்லை. டப்பிங்குக்காகவும் செயலிகளுக்காகவும் எந்த ஊர் வாடையும் இல்லாமல் செய்யப்பட்ட ஸ்பானிஷ் அது. ‘நடுநிலை ஸ்பானிஷ்’ என்பார்கள். பேருந்து என்ற ஒரு சொல்லை எடுங்கள். மெக்சிகோவில் கமியோன், அர்ஜென்டினாவில் கொலெக்தீவோ, கியூபாவில் குவாகுவா. அந்தக் குவாகுவாவை சிலியில் போய்ச் சொன்னால் கைக்குழந்தை என்று பொருள். நடுநிலை மொழியில் பேருந்து கிடைக்கும், இந்தச் சிரிப்பு கிடைக்காது.

இந்த வழவழப்பை எதிர்த்து நின்று ஜெயித்தவர்கள் இருப்பதுதான் எனக்கு நம்பிக்கை தருகிறது. 1999-ஐ ஒட்டி அமெரிக்கச் சந்தைக்குள் நுழைந்த லத்தீன் பாடகர்கள் ஆங்கிலத்துக்கு மாற வேண்டியிருந்தது. புவேர்ட்டோ ரிக்கோவின் பேட் பன்னி மாறவில்லை. ‘ர’கரம் ‘ல’கரமாகக் குழையும், சொல் முடிவில் ‘ஸ்’ காணாமல் போகும் தன் தீவுப் பேச்சிலேயே பாடினார். மற்ற ஸ்பானிஷ்காரர்களுக்கே சில வரிகள் பிடிபடாது. 2020, 2021, 2022 மூன்று வருடமும் ஸ்பாட்டிஃபையில் உலகிலேயே அதிகம் கேட்கப்பட்டவர் அவர்தான்.

சுருக்கம்: தொலைக்காட்சி குடையை விரித்தது. அல்காரிதம் ஒரே நேரத்தில் அதை ஊர் ஊராகப் பிரிக்கவும் செய்கிறது, ‘லத்தீன்’ என்ற ஒற்றை அலமாரிக்குள் அடுக்கவும் செய்கிறது.

## மரித்தோர் நாளும் ஒரு சினிமாவும்

பண்பாடு உலகச் சந்தைக்குப் போனால் என்ன ஆகும் என்பதற்கு மெக்சிகோவின் மரித்தோர் நாள் நல்ல பாடம். நவம்பர் 1, 2 தேதிகளில் இறந்தவர்கள் வீடு திரும்புவதாக நம்பிக்கை. வீட்டில் படையல் மேடை அமைப்பார்கள். இறந்தவரின் புகைப்படம், பிடித்த உணவு, மெழுகுவர்த்தி. வாசலிலிருந்து மேடை வரை ஆரஞ்சு நிற செம்பசூச்சில் பூவின் இதழ்களைத் தூவுவார்கள். வாசனை பிடித்து ஆவி வழி கண்டுபிடித்து வருமாம். அந்தப் பூவை நமக்கு நன்றாகத் தெரியும். ஆயுதபூஜைக்கு வண்டிகளில் கட்டுகிறோமே, அந்தச் செண்டுமல்லிதான். அதன் தாய்மண் மெக்சிகோ.

2013-ல் டிஸ்னி நிறுவனம் அந்தப் பண்டிகையின் ஸ்பானிஷ் பெயருக்கே வணிக முத்திரை கேட்டு விண்ணப்பித்தது. அதாவது அந்தப் பெயரைப் பொருட்களில் போட்டு விற்கும் தனியுரிமை. செய்தி வெளியானதும் லத்தீனோக்கள் இணையத்தில் கொதித்தெழுந்தார்கள், மனுக்களில் ஆயிரமாயிரம் கையெழுத்துகள் குவிந்தன. விரைவிலேயே நிறுவனம் விண்ணப்பத்தைத் திரும்பப் பெற்றது. பாட்டியின் படையல் அமெரிக்காவிலுள்ள மெக்சிகோ வம்சாவளியினருடையதுதான். ஆனால் அதற்காகக் குரல் கொடுத்தவர்கள் அவர்கள் மட்டுமில்லை. மெலிந்த கயிறும் ஒரு இழுப்புக்குத் தாங்கும் என்று அன்று தெரிந்தது.

மறுபக்கமும் உண்டு. 2015-ல் வெளிவந்த ஒரு ஜேம்ஸ் பாண்ட் படத்தின் தொடக்கக் காட்சியில், மெக்சிகோ நகரத்தில் மரித்தோர் நாள் ஊர்வலம் பிரம்மாண்டமாகப் போகும். நிஜத்தில் அந்த நகரத்தில் அப்படியொரு ஊர்வலமே கிடையாது. படம் பார்த்த சுற்றுலாப் பயணிகள் தேடி வருவார்கள் என்று 2016-ல் அரசு உண்மையாகவே ஊர்வலத்தைத் தொடங்கியது. இன்று அது ஆண்டுதோறும் நடக்கிறது. பத்து வயதுக் குழந்தைக்கு அது பிறந்ததிலிருந்து இருக்கிற வழக்கம். போலி என்று தள்ளிவிடலாமா? தோளில் பிள்ளையைத் தூக்கிக்கொண்டு, முகத்தில் மண்டையோட்டு வர்ணம் பூசி நிற்கிற அப்பாவிடம் போய் நான் அப்படிச் சொல்லமாட்டேன்.

## பெயரை யார் வைப்பது?

ஸ்பானிஷில் ஆண்பால், பெண்பால் சொல்லின் வாலில் இருக்கிறது. கூட்டத்தில் ஒரே ஓர் ஆண் இருந்தாலும் மொத்தக் கூட்டமும் ‘லத்தீனோஸ்’. இதை மாற்ற, வாலை நீக்கி எக்ஸ் எழுத்தைப் போட்டு ‘லத்தீனெக்ஸ்’ என்று ஒரு சொல் பல்கலைக்கழகங்கள் வழியாகவும் இணையம் வழியாகவும் பரவியது. நோக்கம் நல்லது. ஆனால் ஸ்பானிஷ் நாக்குக்கு அந்த ஒலி ஒட்டவில்லை. 2024-ல் பியூ மையம் கேட்டபோது, அதைக் கேள்விப்பட்டவர்கள் ஏறக்குறையப் பாதிப் பேர். தங்களுக்குப் பயன்படுத்துபவர்கள் 4 சதவீதம். ‘லத்தீனே’ என்று ஸ்பானிஷ் ஓசைக்கு இசைவான இன்னொரு வடிவமும் இப்போது புழங்குகிறது. வீட்டு முற்றத்தில் பழகாத பெயர் பேனரில் மட்டுமே நிற்கும் என்பது என் எண்ணம்.

## இனி?

பியூ மையம் 2017-ல் வெளியிட்ட ஓர் ஆய்வு, ஹிஸ்பானிக் மூதாதையர் உள்ளவர்களில் எத்தனை பேர் தங்களை அப்படி அழைத்துக்கொள்கிறார்கள் என்று தலைமுறைவாரியாகப் பார்த்தது. வெளிநாட்டில் பிறந்து வந்தவர்களில் 97 சதவீதம். அவர்கள் பிள்ளைகளில் 92. பேரப்பிள்ளைகளில் 77. அதற்கும் அடுத்த தலைமுறையில் 50. கலப்புத் திருமணம், மொழித் தேய்வு, ஊர்த்தொடர்பு அறுவது எல்லாம் சேர்ந்த சரிவு இது. யாரும் பிடுங்காமலேயே பாதிப் பேர் குடையைவிட்டு வெளியே போய்விடுகிறார்கள்.

ஆனால் அந்த நான்காம் தலைமுறை வாட்ஸ்அப் இல்லாமல் வளர்ந்தது. அவர்களுடைய பாட்டிக்கு ஊரிலிருந்து கடிதம் வர வாரக்கணக்கில் ஆனது. இன்றைய பிள்ளையின் கதை வேறு. கின்சேன்யேரா என்று பெண்ணின் 15-ஆம் பிறந்தநாளைக் கொண்டாடுவார்கள். அப்பா முட்டி போட்டு, மகளின் தட்டைச் செருப்பைக் கழற்றிக் குதிகால் செருப்பை மாட்டிவிடுவார். பிறகு இருவரும் நடனம் ஆடுவார்கள். விசா கிடைக்காத பாட்டி, மேசையில் சாய்த்து வைத்த கைபேசியில் அதைப் பார்த்துக்கொண்டிருப்பார். வீடியோ நடுவில் சிக்கினால் எல்லோரும் கத்துவார்கள். இந்தப் பிள்ளை வளர்ந்த பிறகு 50 சதவீதக் கணக்கு அப்படியே பொருந்துமா என்பது அவள் தலைமுறை காட்ட வேண்டியது.

கட்டமும் மாறுகிறது. இனத்துக்கு ஒரு கேள்வி, ஹிஸ்பானிக் வம்சாவளிக்கு ஒரு கேள்வி என்று இருந்ததை ஒரே கேள்வியாக இணைக்கும் விதியை அமெரிக்க அரசு 2024 மார்ச்சில் அறிவித்தது. அதன்படி ‘ஹிஸ்பானிக் அல்லது லத்தீனோ’ என்பதற்குக் கீழே மெக்சிகோ, புவேர்ட்டோ ரிக்கோ, கியூபா, எல் சால்வடோர், டொமினிக்கன், குவாத்தமாலா என்று சின்னக் கட்டங்கள் வரும். இவற்றில் அடங்காதவர் தாமே எழுதிக்கொள்ள ஒரு வெற்றுக் கோடும் இருக்கும். அடுத்த கணக்கெடுப்பு 2030-ல்.

பள்ளியில் சேர்த்த அந்தப் பூப்ளாக்காரரின் மகள் அப்போது தன் படிவத்தைத் தானே நிரப்புவாள். முதல் கட்டத்தில் அப்பாவைப் போலவே டிக் அடிக்கலாம். மெக்சிகோ கட்டத்திலும் அடிக்கலாம். அந்தக் கோட்டில் ‘பூப்ளா’ என்று எழுதுவாளா, ‘நியூயார்க்’ என்று எழுதுவாளா, அம்மா வழிப் பாட்டி பேசிய நாவாட்லின் பெயரை எழுதுவாளா, அல்லது எழுத்துக்கூட்டத் தெரியாமல் அலமாரிக்குப் பக்கத்தில் நின்றிருக்கும் அப்பாவைக் கூப்பிட்டுக் கேட்பாளா?